விடுதலைப் பிரகடனத்தில் லாக்கின் தடத்தைக் கண்டறிவது எப்படி?

ஒரு மெய்யியலாளரின் கருத்து நடைமுறை அரசியலுக்குள் எவ்வாறு இறங்கியது என்பதை அறிய விரும்புவோர், சுருக்க நூல்களை ஒதுக்கிவிட்டு, இரண்டு மூல ஆவணங்களை அருகருகே வைத்துப் படிப்பதே நல்லது. 1776ஆம் ஆண்டின் அமெரிக்க விடுதலைப் பிரகடனத்தையும், ஆங்கில மெய்யியலாளர் ஜான் லாக் தம் பெயரை வெளியிடாமல் 1689இன் இறுதியில் அச்சேற்றிய ஆட்சி பற்றிய இரண்டாம் ஆய்வுரையையும் எடுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் ஆய்வுரையின் 225ஆம் பத்தியைப் பாருங்கள். ஆள்வோரின் பெரும் பிழைகளைக்கூட மக்கள் பொறுத்துக்கொள்வார்கள் என்றும், ஒரே திசையில் நீளும் முறைகேடுகளின் தொடர் புலப்படும்போதுதான் கிளர்ந்தெழுவார்கள் என்றும் லாக் அங்கே எழுதுகிறார். ஏறக்குறைய அதே சொற்றொடர், பிரிட்டன் மன்னர் மூன்றாம் ஜார்ஜ் மீதான குற்றப்பட்டியலுக்குச் சற்று முன்பாகப் பிரகடனத்திலும் வருகிறது. இரு வரிகளையும் ஒரே தாளில் எழுதிப் பார்த்தால், கருத்து மட்டுமன்றி நடையும் இடம்பெயர்ந்திருப்பது தெரியும்.

அடுத்து வேறுபாடுகளைத் தேடுங்கள். என் பார்வையில் சுவையான பகுதி இதுவே. உயிர், சுதந்திரம், உடைமை என்று லாக் அடுக்கிய வரிசையில், பிரகடனத்தை வரைந்த தாமஸ் ஜெபர்சன் உடைமையை விட்டுவிட்டு மகிழ்ச்சியை நாடும் உரிமையை வைத்தார். இதை அவருடைய தனிக் கண்டுபிடிப்பாகக் குறித்துக்கொள்ள வேண்டாம். சில வாரங்களுக்கு முன் ஜார்ஜ் மேசன் வரைந்த வர்ஜீனிய உரிமைப் பிரகடனத்தில் உடைமை, மகிழ்ச்சி இரண்டுமே உள்ளன.

எல்லாவற்றையும் லாக்கின் கணக்கில் எழுதிவிடவும் கூடாது. சட்டமியற்றல், நிர்வாகம், அயலுறவு என்றே அவர் அதிகாரத்தைப் பகுத்தார். 1787இல் வரையப்பட்ட அமெரிக்க அரசியலமைப்பில் நீதித்துறை தனித்து நிற்பதைக் காணும்போது, நீதி அதிகாரத்தைத் தனியே பிரித்துக் காட்டிய பிரெஞ்சுச் சிந்தனையாளர் மாந்தெஸ்கியூ 1748இல் வெளியிட்ட சட்டங்களின் இயல்பு பற்றிய நூலின் 11ஆம் பகுதியைப் புரட்டுங்கள்.