பிளேன்டீ ஊற்றுவது எப்படி

பால்டீ குடிப்பவர்களோடு எனக்குப் பகை இல்லை. ஆனால் பாலையும் சீனியையும் அள்ளிப் போட்டால் எப்பேர்ப்பட்ட மட்டத் தூளும் தப்பித்துவிடும். பிளேன்டீயில் அது நடக்காது. இலங்கை மலையகத்தில், தலவாக்கலைப் பக்கத்துத் தேயிலைத் தொழிற்சாலை ஒன்றில் தூள் சலிக்கும் பகுதியில் வேலை பார்த்து ஓய்வுபெற்றவன் நான். பின்னேரம் ஐந்து மணியானால் எனக்கு ஒரு கோப்பை பிளேன்டீயும் கித்துள் பனையின் பதநீரில் காய்ச்சிய ஒரு துண்டு கருப்பட்டியும் வேண்டும். அது முடியும்வரை வீட்டில் யாரும் என்னிடம் கரண்ட் பில்லைப் பற்றிப் பேசக் கூடாது. அந்தக் கோப்பையை எப்படி ஊற்றுகிறேன் என்று மருமகள் எழுதித் தரச் சொன்னாள். எழுதுகிறேன்.

முதலில் தூள். பாக்கெட்டின் மேல் பி.ஓ.பி., பி.ஓ.பி.எப்., டஸ்ட் என்று போட்டிருக்கும். முதலாம் தரம், இரண்டாம் தரம் என்பதுபோல் பலர் இதை எடுத்துக்கொள்கிறார்கள். அப்படியல்ல, பெரும்பாலும் அது துகளின் அளவுதான்: இந்த மூன்றில் பி.ஓ.பி. பெரிது, பி.ஓ.பி.எப். அதைவிடச் சின்னது, டஸ்ட் எல்லாவற்றிலும் பொடி. ஒரே மலையில் ஒரே நாளில் பறித்த கொழுந்து, ஒன்றாக வாடி, ஒன்றாக அரைபட்டு, ஒன்றாக உலர்ந்து எங்களிடம் வரும். நாங்கள் சல்லடை சல்லடையாகச் சலித்துப் பிரிப்போம். காலையில் ஒரே குவியலாகக் கிடந்தது மாலையில் நாலைந்து பெயரில் நாலைந்து மூட்டையாகிவிடும். துகள் சின்னதானால் சாயம் சீக்கிரம் இறங்கும், கடுப்பாகவும் இறங்கும். பெரிதானால் மெல்ல இறங்கும், வாசனை தங்கும். பிளேன்டீக்கு நான் வாங்குவது பி.ஓ.பி. அவசரக்காரர்கள் பி.ஓ.பி.எப். வாங்கலாம். டஸ்டைப் பால்டீக்காரர்களுக்கு விட்டுவிடுவோம்.

எந்த மலைத் தூள் என்று கேட்டால், தலவாக்கலை இருக்கும் திம்புள்ள மலைப்பகுதிக்காரனான நான் நடுநிலையாகப் பேச முடியாது. ஜனவரி முதல் மார்ச் வரை எங்கள் பக்கம் பகலில் வறண்ட காற்றும் இரவில் கடும் குளிருமாக இருக்கும். கொழுந்து மெதுவாக வளரும். அந்தப் பருவத்துத் தூளின் வாசனை மற்ற மாதங்களில் வராது. கிழக்குப் பக்கத்து ஊவா மலைகளுக்கு அதே நல்ல காலம் ஜூலையிலிருந்து செப்டம்பர் வரை. நுவரெலியாத் தூள் மெல்லியது, வெளிறிய சாயம். காலி, மாத்தறைப் பக்கத்துத் தாழ்நிலத் தூள் கறுப்பாக, தடிப்பாக இறங்கும். கருப்பட்டியோடு குடிக்க அதுவும் மோசமில்லை, ஒத்துக்கொள்கிறேன்.

நல்ல தூள் விலைதான். ஆனால் ஒன்று சொல்ல வேண்டும். 1867இல் ஜேம்ஸ் டெய்லர் என்ற ஸ்கொட்லாந்துக்காரர் கண்டிப் பக்கத்து லூல்கந்துர தோட்டத்தில் தேயிலை போட்ட காலத்திலிருந்து எங்கள் ஆட்கள் இந்த மலைகளில் கொழுந்து பறிக்கிறார்கள். 1883இல் தொடங்கிய கொழும்புத் தேயிலை ஏலத்துக்கு நல்ல மூட்டையெல்லாம் போய்விடும். தோட்டத் தொழிலாளர் குடியிருக்கும் லயத்துக்கு வந்து சேர்ந்தது பெரும்பாலும் அடியில் மிஞ்சிய தூள். ஆகவே, ஏலத்துக்குப் போன தூளைக் காசு கொடுத்து வாங்கிக் குடிப்பதை நான் ஆடம்பரம் என்று நினைப்பதில்லை.

வாங்கிய தூளை இறுக மூடும் டின்னில் போட்டு வையுங்கள். தேயிலை பக்கத்தில் இருக்கும் வாசனையையெல்லாம் இழுத்துக்கொள்ளும். சவர்க்காரம், பெருங்காயம், கருவாடு இருக்கும் அலுமாரியில் வைத்தால் அவற்றையும் சேர்த்துத்தான் குடிக்க வேண்டியிருக்கும். ஈரக் கரண்டி உள்ளே போகவே கூடாது.

அடுத்தது தண்ணீர். காலையில் கொதித்து ஆறிய தண்ணீரைத் திரும்பக் காய்ச்சாமல், புதிதாகப் பிடித்துக் கேத்தலில் வையுங்கள். தளதளவென்று கொதிக்க வேண்டும். சூடேறினால் போதும் என்று இறக்கினால் சாயம் பாதிதான் இறங்கும். நுவரெலியா உயரத்தில் தண்ணீர் ஏறத்தாழ 94 பாகையிலேயே கொதித்துவிடும், கொழும்பில் 100. அதனால் மலையில் இருப்பவர்கள் ஊறும் நேரத்தை அரை நிமிடம் கூட்டிக்கொள்ளலாம்.

தண்ணீர் கொதிப்பதற்குள், ஊற வைக்கும் பாத்திரத்தையும் கோப்பையையும் வெந்நீர் விட்டு அலசிச் சூடாக்கிக்கொள்ளுங்கள். குளிர்ந்த பீங்கான் கொதிநீரின் சூட்டை அந்த நொடியிலேயே குடித்துவிடும். கோப்பையின் உட்புறம் வெள்ளையாக இருக்கட்டும். நிறத்தைப் பார்க்காமல் குடிப்பது பாதிக் குடி.

அளவு எளிது. ஒரு கோப்பைக்கு, அதாவது 200 மில்லிலீட்டருக்கு, தேக்கரண்டியில் தலை தட்டி ஒரு கரண்டி தூள். தேயிலையின் தரம் அறியத் தொழிலாகச் சுவை பார்ப்பவர்கள் 100 மில்லிலீட்டருக்கு 2 கிராம் போட்டு ஆறு நிமிடம் ஊற வைப்பார்கள். அது குற்றம் கண்டுபிடிக்க ஊற்றும் தேநீர், அதைப் பார்த்து நீங்களும் வீட்டில் ஊற்றினால் நாக்கு வறண்டுவிடும். பி.ஓ.பி.க்கு நாலு நிமிடம், பி.ஓ.பி.எப்.க்கு மூன்று. தூளின் மேல் கொதிநீரை ஊற்றி மூடுங்கள். தூளை அடுப்பில் போட்டுக் காய்ச்சாதீர்கள். வாசனை ஆவியோடு போய்விடும், துவர்ப்பும் கசப்பும் மட்டும் மிஞ்சும்.

இந்த நாலு நிமிடத்தில்தான் எல்லாரும் கெடுக்கிறார்கள். கரண்டியால் கலக்குவது, மூடியைத் திறந்து திறந்து பார்ப்பது, நடுவில் போனை எடுப்பது. போனை எடுத்தால் நாலு நிமிடம் எட்டாகிவிடும், அதை நான் பல வீடுகளில் குடித்திருக்கிறேன். சும்மா இருங்கள். நான் திண்ணையில் உட்கார்ந்து எதிர்மலையைப் பார்ப்பேன். மலை இல்லாதவர்கள் சுவரைப் பார்க்கலாம், தேநீருக்கு வித்தியாசம் தெரியாது.

நேரமானதும் வடியில் வடித்து ஊற்றுங்கள். வெளிச்சத்தில் பிடித்தால் நடுவில் செம்பழுப்பாகவும், கோப்பையின் விளிம்பை ஒட்டி மெல்லிய பொன்வளையமாகவும் தெரிய வேண்டும். வளையம் இல்லாமல் ஒரே மண்ணிறமாக இருந்தால் தூள் பழசு, அல்லது தண்ணீர் உப்புத் தண்ணீர்.

கருப்பட்டியைக் கோப்பைக்குள் போடக் கூடாது. நுனியில் கொஞ்சம் கடித்து, நாக்கின் மேல் வைத்துக்கொண்டு, தேநீரை உறிஞ்சுங்கள். முதலில் இனிப்பும் புகைவாசனையும், அதற்குப் பின்னால் துவர்ப்பும் வரும். அடுத்த மிடறு வெறும் தேநீராக இருக்கட்டும். சத்தம் போட்டு உறிஞ்சினாலும் பரவாயில்லை. சுவை பார்ப்பவர்கள் சம்பளம் வாங்கிக்கொண்டு அதைத்தான் செய்கிறார்கள். இஞ்சி வேண்டுமென்றால் மெல்லிய ஒரு சீவல் போதும், இடித்துப் போட்டால் அது கஷாயம்.

ஆறவிட்ட தேநீர் மங்கலாகக் கலங்கினால் கெட்டுவிட்டது என்று கொட்டிவிடாதீர்கள். கஃபீனும் சாயப் பொருட்களும் குளிரில் ஒன்றுசேர்வதால் அப்படியாகும். நல்ல தூளில்தான் அது அதிகம் தெரியும், சுட வைத்தால் தெளிந்துவிடும்.

சோறு சாப்பிட்ட கையோடு குடிக்காமல் ஒரு மணி நேரமாவது விடுங்கள். கீரையிலும் பருப்பிலும் உள்ள இரும்புச்சத்து உடம்பில் சேர்வதைத் தேநீர் தடுக்கும். இரத்தசோகை உள்ள பெண்கள் இதைக் கட்டாயம் கவனிக்க வேண்டும்.

அதே தூளில் இரண்டாம் தண்ணீர் ஊற்றாதீர்கள், நிறம் வரும், வேறொன்றும் வராது. சக்கையை ரோசாச் செடியின் அடியில் போட்டு மண்ணோடு கிளறிவிடுங்கள். சீனி கலக்காத சக்கைக்கு எறும்பும் வராது.