கூட்டை எண்ணி ஒராங்குட்டானைக் கணக்கெடுப்பது எப்படி?

ஒராங்குட்டான் என்ற மரவாழ் வாலில்லாக் குரங்கு பெரும்பாலும் தனியாகத் திரியும். மர உச்சியில் அசையாமல் உட்கார்ந்துவிட்டால் கண்ணில் படாது. ஆனால் மாலையானால் கிளைகளை வளைத்து அடித்தளம் போட்டு, மேலே இலைக்கொப்புகளைப் பரப்பி ஒரு கூடு கட்டிவிடும். எண்ண வேண்டியது அந்தக் கூட்டைத்தான்.

காட்டுக்குள் போகும் முன்பே, நடக்கப்போகும் நேர்கோடுகளை வரைபடத்தில் போட்டுவிடுங்கள். ஒற்றையடிப் பாதையிலோ ஆற்றங்கரையிலோ நடந்து எடுத்த கணக்கு அந்தக் கரைக்குத்தான் பொருந்தும். இரண்டு பேர் மெதுவாக நடங்கள். பின்னால் வருபவர் அடிக்கடி நின்று திரும்பி அண்ணாந்து பார்க்க வேண்டும். தலைக்கு நேர் மேலே இருக்கும் கூடுதான் எளிதில் தவறும். கோட்டின் மேல் இருப்பது ஒன்றுகூட விடுபடாது என்று வைத்துக்கொண்டுதான் மீதிக் கணக்கே போடுகிறோம்.

கூட்டின் நடுவுக்கு நேர் கீழே நின்று, அங்கிருந்து கோட்டுக்குச் செங்குத்தாக டேப் பிடியுங்கள். கண்மதிப்பாக எழுதினால் எல்லாம் 5, 10, 15 என்றே வந்து விழும். கூட்டின் நிலையையும் குறியுங்கள்: பச்சை இலை, காய்ந்த இலை, ஓட்டை விழுந்தது, வெறும் குச்சி. சூரியக் கரடியும் மரத்தில் கூடு போடும். அடிமரத்தில் நகக்கீறல் தெரிந்தால் சந்தேகப்படுங்கள். 60 கூடுகளாவது சேர்ந்தால்தான் கோட்டின் பக்கவாட்டில் எவ்வளவு தூரம் நம் கண்ணுக்கு எட்டியது என்று கணிக்க முடியும்.

ஓர் எடுத்துக்காட்டு. 5 கி.மீ. நடந்து 100 கூடு. கோட்டின் ஒவ்வொரு பக்கமும் 15 மீட்டர் கண்ணுக்கு எட்டியது, அதாவது மொத்த அகலம் 30 மீட்டர். பரப்பு 0.15 ச.கி.மீ., அதாவது ச.கி.மீ.க்கு 667 கூடு. பால்குடி மறக்காத குட்டி தாயின் கூட்டிலேயே தூங்கும் என்பதால் கூடு கட்டுபவை 90% என்று வையுங்கள். சில நாள் பகலிலும் கட்டும், ஆகவே நாளுக்கு 1.1 கூடு. கட்டியதிலிருந்து மறையும்வரை கூட்டின் ஆயுள் 250 நாள். 667ஐ 0.9, 1.1, 250 மூன்றாலும் வகுத்தால் ச.கி.மீ.க்கு 2.7 ஒராங்குட்டான். ஆயுள் 500 நாள் என்றால்? 1.35தான்.

வேறொரு காட்டில் அளந்த ஆயுளைக் கடன் வாங்குவதுதான் இந்த வேலையின் பெரிய ஆபத்து. மழை, மண், மரத்தின் கடினம் எல்லாம் அதை மாற்றும். சுமாத்ராவின் பாத்தாங் தோரு காட்டில் தபனுலி ஒராங்குட்டான் என்ற இனம் மொத்தமே 800க்கும் குறைவு. பெண் ஒன்று 7, 8 ஆண்டுக்கு ஒரு குட்டிதான் ஈனும். அங்கே இருமடங்குப் பிழையைத் தாங்க முடியாது. பணம் போதாவிட்டால் கோடுகளைக் குறையுங்கள், இதை விடாதீர்கள்: பச்சைக் கூடுகளுக்கு எண் கட்டி, மர இனத்தை எழுதி, கடைசிக் கூடு மறையும்வரை மாதம் ஒருமுறை போய்ப் பாருங்கள். ஓராண்டுக்கு மேலும் இழுக்கும்.