கோழியும் முட்டையும்: சால்மோனெல்லா பரவாமல் சமைக்கும் முறை

கோழியை வாங்கி வந்ததும் மஞ்சள்தூள் போட்டு நாலு தண்ணீரில் அலசாமல் சட்டியில் போட நம் வீடுகளில் யாருக்கும் மனம் வராது. ஆனால் சால்மோனெல்லா கிருமி சமையலறையில் பரவுவதற்கு அந்த அலசலே வழி செய்கிறது. குழாயைத் திறந்துவிட்டுக் கழுவும்போது தெறிக்கும் சிறு துளிகள், பக்கத்து வடிதட்டில் நறுக்கக் காத்திருக்கும் கொத்தமல்லியின் மேல் விழுகின்றன. கோழியிலுள்ள கிருமி அடுப்புச் சூட்டில் செத்துவிடும். கறியை இறக்கியபின் பச்சையாகத் தூவும் அந்தக் கொத்தமல்லியில் ஒட்டியது அப்படியே வாய்க்குப் போகும். மஞ்சளையும் எலுமிச்சைச் சாற்றையும் நம்பி இருந்துவிட முடியாது. ஆகவே கழுவாமல் சமைப்பதே நல்லது. கழுவியே ஆக வேண்டுமென்றால், குழாய்க்கு அடியில் பிடிக்காமல், பாத்திரத்தில் நீர் நிரப்பி அதற்குள் மெதுவாக அலசிவிட்டு, தொட்டியையும் மேடையையும் சவர்க்காரம் போட்டுத் தேய்த்துக் கழுவி, கைகளையும் சவர்க்காரத்தால் 20 விநாடிகள் கழுவ வேண்டும்.

சௌக்கிட் சந்தைக்கோ பூடு சந்தைக்கோ போகிறவர்கள் காய்கறி, மளிகை எல்லாம் வாங்கி முடித்த பிறகு, கடைசியாகக் கோழியை வாங்குங்கள். கோலாலம்பூரில் பகல் வெப்பம் 32 டிகிரி செல்சியஸைத் தாண்டுவது வழக்கம். அந்தச் சூட்டில் இறைச்சி ஒரு மணி நேரத்திற்கு மேல் வெளியே இருக்கக் கூடாது. வீட்டுக்கு வந்ததும் மூடியுள்ள பாத்திரத்தில் போட்டு, 4 டிகிரிக்கு மேற்படாத குளிர்பதனப் பெட்டியின் கீழ்த்தட்டில் வையுங்கள். மேல்தட்டில் வைத்தால் அதன் நீர் சொட்டி, கீழேயுள்ள தயிரிலும் பழத்திலும் விழும். உறைய வைப்பதால் கிருமி சாவதில்லை, பெருகாமல் நிற்கிறது, அவ்வளவுதான். ஆகையால் உறைந்த கோழியைச் சமையல் மேடையில் விடாமல், முந்தின இரவே கீழ்த்தட்டுக்கு மாற்றி இளக விட வேண்டும். பச்சைக் கோழிக்கென்று தனி வெட்டுப்பலகையும் கத்தியும் இருக்கட்டும்.

வெந்துவிட்டதா என்பதை நிறத்தை வைத்து முடிவு செய்யாதீர்கள். உணவு வெப்பமானியைத் தொடையின் தடித்த பகுதியில், எலும்பைத் தொடாமல் செருகிப் பார்த்தால் 74 டிகிரி காட்ட வேண்டும்.

முட்டையில் சிக்கல் வேறு. நோயுற்ற கோழியின் சினைப்பையிலிருந்தே கிருமி முட்டைக்குள் புகுந்துவிடக்கூடும் என்பதால், ஓடு சுத்தமாக இருப்பது மட்டும் போதாது. கோப்பிக் கடையில் காயா (தேங்காய்ப்பால், முட்டை, சர்க்கரை சேர்த்த ஜாம்) தடவிய ரொட்டியோடு, மிளகும் சோயா சாஸும் விட்டுக் குடிக்கும் அரைவேக்காட்டு முட்டை பலருக்குக் காலை வழக்கம். அதை விடச் சொல்வது எளிதல்ல என்பதை அறிவேன். இருந்தாலும் குழந்தைகள், கர்ப்பிணிகள், முதியவர்கள், நோய் எதிர்ப்பாற்றல் குறைந்தவர்கள் ஆகியோருக்கு வெள்ளையும் மஞ்சள் கருவும் கெட்டியாகும்வரை வேகவைத்தே கொடுங்கள். விரிசல் விட்ட முட்டையை வாங்க வேண்டாம்.

மீந்த கறியை இரண்டு மணி நேரத்திற்குள், ஆழமில்லாத பாத்திரங்களில் பிரித்துக் குளிர்பதனப் பெட்டிக்குள் வைத்து, மறுபடி சூடாக்கும்போது ஆவி பறக்கக் கொதிக்க விடுங்கள்.

இவ்வளவு செய்தும் வயிற்றுப்போக்கும் காய்ச்சலும் வயிற்று வலியும் வந்தால், பொதுவாக அவை தொற்றிய 6 மணி நேரத்திலிருந்து 6 நாள்களுக்குள் தொடங்கும். உப்பு-சர்க்கரைக் கரைசலை அடிக்கடி கொடுங்கள். மலத்தில் இரத்தம், தணியாத காய்ச்சல், சிறுநீர் குறைதல் ஆகியவற்றில் ஏதேனும் ஒன்று தெரிந்தாலும் நாள் கடத்தாமல் மருத்துவமனைக்குச் செல்லுங்கள். மருந்துக் கடையில் நீங்களாகவே ஆன்டிபயாட்டிக் வாங்கிக் கொடுக்காதீர்கள்.