பூர்வகுடிக் கதைகளைக் காப்பாற்றக் கிளம்பி எங்கெல்லாம் சொதப்புகிறோம்

ஆஸ்திரேலியப் பூர்வகுடிகளின் கதையையும் ஆட்டபாட்டத்தையும் காப்பாற்றுகிறோம் என்று இறங்குகிறவர்களுக்கு நல்ல மனசுக்குக் குறைவில்லை, கேட்டுச் செய்யும் பழக்கம்தான் குறைவு. "பழங்கதைதானே, யார் சொன்னால் என்ன?" என்பதுதான் முதல் தவறு. ஒவ்வொரு கதைக்கும் ஒரு நிலம் உண்டு, அந்த நிலத்துக்குரிய குடும்பங்கள் உண்டு, யார் பாடலாம், யார் பார்க்கலாம், எது ஆண்களுக்கு மட்டும், எது பெண்களுக்கு மட்டும் என்று கறாரான முறையும் உண்டு. 1940-இல் நடு ஆஸ்திரேலியப் பாலைவனத்துப் பூர்வகுடிகளான பிட்ஜன்ஜாரா மக்களின் பெரியவர்கள் சார்லஸ் மவுண்ட்ஃபோர்ட் என்ற ஆய்வாளரை நம்பி ரகசியச் சடங்கு விஷயங்களைச் சொன்னார்கள். மனுஷர் 1976-இல் அதைப் புத்தகமாகவே போட்டுவிட்டார். தங்கள் பெண்களும் இன்னும் தீட்சை பெறாத பையன்களும் அதைப் பார்த்துவிடுவார்களே என்று அவர்கள் நீதிமன்றம் போய், ஆஸ்திரேலியாவின் வட பிரதேசத்தில் (நார்தர்ன் டெரிட்டரி) அந்தப் புத்தகத்தை விற்கத் தடை வாங்கினார்கள். பதிப்புரிமையைச் சொல்லி இல்லை, நம்பிச் சொன்னதை வெளியே விட்டதற்காக.

அப்புறம், எல்லாவற்றையும் கலந்துகட்டி அடிப்பது. 250-க்கு மேற்பட்ட மொழிகள் இருந்த நாடு அது. டிட்ஜெரிடூ என்ற நீளமான மரக்குழல் வடக்கு ஆஸ்திரேலியாவின் வாத்தியம், தெற்கே ஒரு ஊரின் கதைக்குப் பின்னணியில் அதை ஊதவிட்டால் பொருந்தாது. சிட்னியிலோ மெல்பர்னிலோ விழா நடத்தும் நம் சங்கங்களும் ஒன்றைக் கவனிக்க வேண்டும்: அந்த மண்ணுக்கு உரியவர்களை நினைவுகூர்ந்து யாரும் இரண்டு வரி பேசலாம், ஆனால் வரவேற்புச் சடங்கை அந்த மண்ணுக்கு உரியவர்கள்தான் செய்ய வேண்டும்.

பழசாக இருந்தால்தான் அசல் என்பது இன்னொரு மூடநம்பிக்கை. ஆஸ்திரேலியாவின் வடமேற்கில் உள்ள கிழக்கு கிம்பர்லியின் வார்முன் ஊரில் ஆடப்படும் குரிர் குரிர் என்ற ஆட்டபாட்டம் 1970-களில் பிறந்தது. 1974 கிறிஸ்துமஸ் அன்று டார்வின் நகரைப் புயல் புரட்டிப்போட்ட காலத்தில், கார் விபத்தில் அடிபட்டு இறந்த உறவுக்காரப் பெண்ணின் ஆவி அந்த ஊர் ஓவியர் ரோவர் தாமஸின் கனவில் வந்து பாடல்களைக் கொடுத்தது என்கிறார்கள். அவள் ஆவி கடந்துபோன இடங்களைப் பலகைகளில் வரைந்து, ஆடுகிறவர்கள் தோளில் சுமந்துகொண்டு வருவார்கள். இதைப் 'புதுசு' என்று ஒதுக்குகிறவருக்கு அந்த மரபு எப்படி ஓடுகிறது என்றே தெரியவில்லை.

பதிவு செய்து தலைநகர் கான்பெராவின் ஆவணக்காப்பகத்தில் பூட்டி வைத்துவிட்டால் வேலை முடிந்தது என்றும் நினைக்காதீர்கள். அதே கிம்பர்லியில், டெர்பி பக்கத்தில் மொவாஞ்சம் ஊருக்குப் பழைய ஜுன்பா (அந்தப் பகுதியின் ஆட்டபாட்ட மரபு) பதிவுகள் திரும்பி வந்த பிறகுதான், பெரியவர்கள் அவற்றைக் கேட்டு, விட்டுப்போன பாட்டுகளை இளசுகளுக்குச் சொல்லிக்கொடுக்க முடிந்தது. ஒலிநாடா அந்த ஊருக்குப் போய்ச் சேர வேண்டும். இறந்தவரின் குரலோ படமோ அதில் இருந்தால் முதலில் குடும்பத்திடம் கேளுங்கள், தொடக்கத்தில் எச்சரிக்கையும் போடுங்கள்.

கடைசியாகக் காசு. "உங்கள் கலைக்கு நல்ல விளம்பரம்" என்று சொல்லிச் சும்மா ஆடக் கூப்பிடாதீர்கள். அழைக்கும்போதே சம்பளம், பயணச் செலவு, வீடியோ எடுக்கலாமா, எடுத்தால் அது யாருக்குச் சொந்தம், எல்லாவற்றையும் பேசி எழுதிக்கொள்ளுங்கள்.