காவே கதையை நம்ம ஊர்ப் பட்டறையில் எடுப்பது எப்படி

பாரசீகக் கவிஞர் ஃபிர்தௌசி 1010-இல் எழுதி முடித்த ராஜாக்கள் காவியம் ஷாநாமாவில் ஏறக்குறைய 50,000 ஈரடிகள் இருக்கின்றன. அதில் ஒரு ராஜா கதையை முழுசாகப் படம் எடுக்கக் கிளம்பினால் காசும் போகும், கூட்டாளியும் போவான். ஒரே ஒரு கட்டத்தை எடுங்கள்.

நாங்கள் எடுத்தது கொல்லன் காவே. ஸஹ்ஹாக் ராஜாவின் இரண்டு தோளிலும் பாம்பு, தினம் இரண்டு பேர் மூளை அதற்குத் தீனி. 'நான் நியாயமானவன்' என்று ராஜா பத்திரம் எழுதிப் பெரியவர்களிடம் ஒப்புதல் வாங்கிக்கொண்டிருக்கும்போது, தன் 18 பிள்ளைகளில் மிஞ்சிய ஒருவனைக் கேட்டு வருகிறான் காவே. பையனை விட்டுவிட்டு, நீயும் சாட்சி போடு என்கிறான் ராஜா. காவே பத்திரத்தைக் கிழித்தெறிந்து, வெளியே போய், பட்டறையில் கட்டும் தோலை ஈட்டியில் மாட்டிக் கொடியாக்குகிறான். எங்கள் படத்தில் அது 20 ரூபாய்ப் பத்திரம், கைநாட்டு மையோடு. கிரீடம், வாள் எதுவும் வாங்கவில்லை.

பாம்புக்குத்தான் மாட்டிக்கொண்டோம். சித்திரைத் திருவிழாக் கடையில் வாங்கிய ரப்பர் பாம்பைத் தோளில் ஒட்டிப் போட்டுக்காட்டினால் எல்லாரும் சிரிக்கிறார்கள். அப்புறம் வெள்ளை வேட்டியைத் திரையாகக் கட்டி, பின்னால் ராஜாவை உட்காரவைத்து, அவன் முதுகுக்குப் பின்னே இரண்டு பேர் கையை மட்டும் நீட்டினார்கள். வெளிச்சத்துக்கு செல்போன் டார்ச் போதும், சின்ன விளக்கென்றால்தான் நிழல் கூராக விழும், டியூப்லைட்டில் கலங்கிவிடும். விளக்குப் பக்கம் கையை நகர்த்தினால் பாம்பு தானாக வளரும். வீட்டு எல்இடி பல்பில் எடுத்தால் ஷட்டர் வேகத்தை 1/50 அல்லது 1/100 நொடியில் வையுங்கள், இல்லையென்றால் படத்தில் கோடு ஓடும்.

சத்தத்துக்குத் திருப்பாச்சேத்திக்குப் போனோம், அருவாள் அடிக்கும் ஊர். சம்மட்டி விழுவதை மட்டும் பத்து நிமிடம் பதிந்து, எடிட்டிங்கில் இரண்டு அடிக்கு ஒருமுறை திரையை இருட்டாக்கினோம். இரண்டு அடி, இரண்டு பேர். கொலையைக் காட்டவே வேண்டாம். பத்திரம் கிழிந்ததும் சம்மட்டி நிற்க வேண்டும், அங்கே இசை போடாதீர்கள், கெஞ்சிக் கேட்கிறேன்.

கதை சொல்ல ஒரே குரல் போதும். ஈரானிலும் நக்காலி என்று ஒரே ஆள் நின்று ஆடிப்பாடி இந்தக் கதைகளைச் சொல்லும் கலை உண்டு, 2011-இல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்தது. எங்களுக்கு மேலூர் அப்பத்தா ஒருவர் சொன்னார், 'ஸஹ்ஹாக்' வாயில் நுழையாமல் 'சகாக்கு' என்றார், அப்படியே விட்டுவிட்டோம்.

முடிவில் ஸஹ்ஹாக் சாவதில்லை, காவே துணைநின்ற இளவரசன் பெரிதூன் அவனைத் தமாவந்த் மலையில் கட்டிப்போடுகிறான். அதற்காக மதுரை யானைமலையைக் காட்டிவிடாதீர்கள், அதன் அடிவாரத்து ஒத்தக்கடைக்காரன் முதல் ஷாட்டிலேயே கண்டுபிடித்துவிடுவான். திரையை இருட்டாக்கி, சங்கிலியைப் பாறைமேல் இழுக்கிற சத்தத்தை மட்டும் ஓடவிடுங்கள்.