தராசுக்கு ஒரு பிளகின்: ஏற்றுவது சுலபம், கண்காணிப்பதுதான் வேலை

சேலத்தில் செவ்வாய்ப்பேட்டை, குகைப் பக்கம் உள்ள வெள்ளிக் கொலுசுப் பட்டறைகளுக்கு எடைக் கணக்கு சாஃப்ட்வேர் செய்து கொடுப்பது என் பிழைப்பு. கட்டி வெள்ளியாகக் கொடுக்கும்போது ஒரு எடை, கம்பி இழுத்ததும் ஒரு எடை, பற்றவைத்த பிறகு ஒன்று, மெருகு போட்டதும் ஒன்று. நடுவில் குறைவதுதான் சேதாரம், சண்டை வருவதும் அங்கேதான். அதனால் எண்ணைக் கையால் அடிக்கக் கூடாது, தராசிலிருந்து நேராக கம்ப்யூட்டருக்கு வர வேண்டும் என்று எல்லோரும் கேட்பார்கள்.

ஆனால் ஒரே தெருவில் நாலு கம்பெனித் தராசு இருக்கும். ஒன்று நிறுத்தாமல் எடையை அனுப்பிக்கொண்டே இருக்கும், இன்னொன்று கேட்டால்தான் சொல்லும். ஒன்று நிலைத்த எடைக்கு முன்னால் 'எஸ்டி' என்றும் ஆடும் எடைக்கு முன்னால் 'யுஎஸ்' என்றும் போடும் (ஃபேன் காற்று பட்டாலே யுஎஸ்தான்). இன்னொன்று வெறும் எண்ணை மட்டும் தள்ளும். இதையெல்லாம் மெயின் புரோகிராமுக்குள் இஃப், எல்ஸ் என்று எழுதினால் புதுத் தராசு வரும்போதெல்லாம் பில் போடும் பகுதியையும் திறக்க வேண்டியிருக்கும். அதற்குத்தான் தராசுக்கு ஒரு பிளகின் (மெயின் புரோகிராமைத் தொடாமல் தனியாகச் சேர்க்கும் சின்ன ஃபைல்), அவற்றை ஏற்ற லோடர், கண்காணிக்க வாட்சர் என்று இரண்டு பைத்தான் ஃபைல்கள்.

முதலில் பிளகினுக்கும் மெயின் புரோகிராமுக்கும் நடுவில் இருக்கும் ஒப்பந்தத்தை முடிவு செய்யுங்கள். என்னுடையது சின்னது: பெயர், வெர்ஷன், ஒப்பந்த எண், அப்புறம் திற, படி, மூடு என்று மூன்று ஃபங்ஷன். 'படி' திருப்பித் தருவது எடை, நிலைத்ததா இல்லையா, தராசு அனுப்பிய மூல வரி. எடையை ஃப்ளோட்டாக (தசம எண்ணாக) வைக்காதீர்கள். 0.1-ஐயும் 0.2-ஐயும் ஃப்ளோட்டில் கூட்டினால் சரியாக 0.3 வராது. மில்லிகிராமில் முழு எண்ணாக வையுங்கள், வெள்ளிக்காரர்களிடம் அந்தச் சின்ன வித்தியாசத்துக்குப் பதில் சொல்ல முடியாது. ஒப்பந்த எண் எதற்கு என்றால், நாளைக்கு 'படி'யில் ஏதாவது மாற்றினால் பழைய பிளகினை லோடர் வாசலிலேயே நிறுத்திவிடலாம்.

லோடர்

லோடர் உண்மையிலேயே பத்து, பதினைந்து வரிதான். பிளகின் ஃபோல்டரில் உள்ள பைத்தான் ஃபைல்களை எடுங்கள், புள்ளியிலோ அண்டர்ஸ்கோரிலோ தொடங்கும் பெயர்களை விடுங்கள். ஃபைலை மாட்யூலாக ஏற்றும் பைத்தானின் இம்போர்ட்லிப்பில் 'ஸ்பெக் ஃப்ரம் ஃபைல் லொக்கேஷன்', பிறகு 'மாட்யூல் ஃப்ரம் ஸ்பெக்', அதைச் 'சிஸ் மாட்யூல்ஸ்' பட்டியலில் சேர்த்துவிட்டு 'எக்ஸெக் மாட்யூல்'. அவ்வளவுதான். பழைய பாடங்களில் 'இம்ப்' என்ற மாட்யூலைச் சொல்லிக் கொடுத்திருப்பார்கள். பைத்தான் 3.12-இல் அது எடுக்கப்பட்டுவிட்டது, அந்தப் பக்கம் போக வேண்டாம்.

இரண்டு விஷயத்தில் கவனம். மாட்யூலுக்குப் பெயர் வைக்கும்போது முன்னால் ஒரு சொந்த ஒட்டு சேருங்கள். யாராவது தன் பிளகின் ஃபைலுக்கு 'சீரியல்' என்று பெயர் வைத்தால் அது தராசு போர்ட்டைப் படிக்க உதவும் பைசீரியல் லைப்ரரியின் இடத்தில் போய் உட்கார்ந்துகொள்ளும், பிழையைத் தேடி ஒரு நாள் போய்விடும். இரண்டாவது, 'எக்ஸெக் மாட்யூல்' நடக்கும்போதே அந்த ஃபைலின் மேல்மட்ட வரிகள் எல்லாம் ஓடிவிடும். எக்ஸெப்ஷனை மட்டும் பிடித்தால் போதாது. பிளகினுக்குள் யாராவது 'சிஸ் எக்ஸிட்' எழுதியிருந்தால் அது எக்ஸெப்ஷன் வகையில் வராது. 'சிஸ்டம் எக்ஸிட்'டையும் சேர்த்துப் பிடியுங்கள்.

தனிப் ப்ராசஸ்

பிளகினை உங்கள் மெயின் ப்ராசஸுக்குள் ஏற்றாதீர்கள். இந்தக் கட்டுரையில் நான் அழுத்திச் சொல்வது இது ஒன்றைத்தான். தனி த்ரெட் (அதே ப்ராசஸுக்குள் இணையாக ஓடும் வேலை) போதாதா என்று கேட்பார்கள். போதாது. பைசீரியலில் டைம்அவுட் கொடுக்காமல் போர்ட்டைத் திறந்தால், கேட்ட பைட் வரும் வரை 'ரீட்' காத்துக்கொண்டே இருக்கும். தராசை அணைத்துவிட்டு ஓனர் சாப்பிடப் போனால் உங்கள் த்ரெட்டும் அங்கேயே நிற்கும். பைத்தானில் த்ரெட்டை வெளியிலிருந்து கொல்ல வழியில்லை, ப்ராசஸைக் கொல்லலாம். தவிர, கம்பெனி கொடுத்த சி டிரைவரை பிளகின் கூப்பிட்டு அது விழுந்தால், த்ரெட்டாக இருந்தால் பில்லோடு சேர்ந்து எல்லாம் விழும்.

'மல்டிப்ராசஸிங்' போதும். விண்டோஸில் குழந்தை ப்ராசஸ் புதிதாகப் பைத்தானைத் தொடங்கும், அதனால் மாட்யூலை அப்படியே அனுப்ப முடியாது. ஃபைலின் பாதையை மட்டும் அனுப்பி, லோடரை அந்தப் பக்கம் ஓட விடுங்கள். ஏற்றி முடித்ததும் பைப் வழியாக 'தயார், இந்தப் பெயர், இந்த வெர்ஷன்' என்று ஒரு செய்தி வரட்டும். பத்து நொடிக்குள் வரவில்லையென்றால் அந்தப் பிளகின் ஏறவில்லை என்று வைத்துக்கொள்ளுங்கள்.

வாட்சர்

வாட்சர் மூன்று கோளாறுகளைப் பிரித்துப் பார்க்க வேண்டும். ப்ராசஸே செத்துவிட்டதா? 'எக்ஸிட்கோட்' சொல்லிவிடும், லினக்ஸில் -11 என்று இருந்தால் செக்மென்டேஷன் ஃபால்ட் (தொடக் கூடாத மெமரியைத் தொட்டு விழுந்தது), பைத்தான் வரிகளில் தேடாதீர்கள், டிரைவரைப் பாருங்கள். ப்ராசஸ் இருக்கிறது, ஹார்ட்பீட் (ஓடிக்கொண்டிருக்கிறேன் என்று பிளகின் அடிக்கடி அனுப்பும் சின்னச் செய்தி) வரவில்லையா? மாட்டிக்கொண்டிருக்கிறது, கொன்று மறுபடி தொடங்குங்கள். ஹார்ட்பீட் வருகிறது, எடை மட்டும் வரவில்லையா? அது கேபிளோ கரண்டோ. பிளகினை ரீஸ்டார்ட் செய்து பயனில்லை, 'தராசு ஒயரைப் பாருங்கள்' என்று திரையில் காட்டினால் போதும். "தம்பி, தராசு பேச மாட்டேங்குது" என்று வரும் போன்களில் பெரும்பாலானவை இந்த மூன்றாவது வகைதான்.

ஹார்ட்பீட்டைத் தனி த்ரெட்டிலிருந்து அனுப்பாதீர்கள். 'படி' தொங்கிக்கொண்டிருக்கும்போதும் அந்த த்ரெட் பாட்டுக்கு 'நலம், நலம்' என்று சொல்லிக்கொண்டிருக்கும். எடையைப் படிக்கும் அதே லூப்பில், ஒவ்வொரு சுற்று முடிந்ததும் அனுப்ப வேண்டும். அதற்கு 'ரீட்'டுக்கு 1 நொடி டைம்அவுட் கட்டாயம்.

நேரத்தைக் கணக்கிட 'டைம் மோனோடானிக்' (தேதி மாறினாலும் தாவாத கடிகாரம்) மட்டுமே. பட்டறைக் கம்ப்யூட்டர்களில் மதர்போர்டு பேட்டரி செத்துப்போய், கரண்ட் வந்ததும் கடிகாரம் ஏதோ பழைய வருஷத்தில் தொடங்கும். இணையம் கிடைத்த நொடியில் இன்றைய தேதிக்குத் தாவும். சாதாரணக் கடிகாரத்தை நம்பினால் பல வருஷமாக ஹார்ட்பீட் இல்லை என்று வாட்சர் எல்லாப் பிளகினையும் கொன்றுவிடும்.

நிறுத்தும்போது முதலில் 'மூடு' என்று செய்தி, 2 நொடி பொறுத்து 'டெர்மினேட்', அதற்கும் அசையாவிட்டால் 'கில்'. மறுபடி தொடங்க 1, 2, 4 நொடி என்று இடைவெளியை இரட்டித்துக்கொண்டே போய் 60-இல் நிறுத்துங்கள். 10 நிமிஷத்தில் ஐந்து முறை விழுந்தால் ஒதுக்கிவைத்துவிட்டு மனிதரைக் கூப்பிடட்டும்.

புது வெர்ஷன் வந்தால்

'இம்போர்ட்லிப் ரீலோட்' பக்கம் நான் போவதில்லை. பழைய கிளாஸிலிருந்து உருவான ஆப்ஜெக்ட்கள் பழைய கோடோடேயே இருக்கும், பாதி புதுசு பாதி பழசு. தனிப் ப்ராசஸ் என்பதால் பழையதை நிறுத்திப் புதியதைத் தொடங்கினால் வேலை முடிந்தது.

ஃபைல் மாறியதைக் கண்டுபிடிக்க லினக்ஸில் ஐநோட்டிஃபை இருக்கிறது, வாட்ச்டாக் என்ற லைப்ரரி விண்டோஸுக்கும் சேர்த்துப் பார்த்துக்கொள்ளும். ஆனால் நெட்வொர்க் ஃபோல்டரில் வேறு மெஷின் எழுதினால் ஐநோட்டிஃபைக்குத் தெரியாது. அதனால் 5 நொடிக்கு ஒரு முறை வாட்சரே ஃபோல்டரை எட்டிப் பார்க்கும்படி வைத்திருக்கிறேன். தராசு பிளகினுக்கு அந்த வேகம் தாராளம்.

ஏற்காட்டில் ஒரு காபி எஸ்டேட்டில் பழம் நிறுக்கும் தராசுக்கும் இதே சாஃப்ட்வேர்தான். அறுவடை நேரத்தில் ஒரு பிளகினை மாற்ற 20 கொண்டை ஊசி வளைவு ஏறிப் போக முடியாது, மேலே நெட்டும் விட்டுவிட்டுத்தான் வரும். பாதி இறங்கிய ஃபைலை லோடர் எடுத்துவிடக் கூடாது. அதே ஃபோல்டரில் புள்ளியில் தொடங்கும் தற்காலிகப் பெயரில் இறக்குங்கள், எஸ்ஹெச்ஏ-256 (ஃபைலின் கைரேகை மாதிரியான எண்) ஒத்துப்போனால் 'ஓஎஸ் ரீப்ளேஸ்' மூலம் பெயரை மாற்றுங்கள். அந்த மாற்றம் ஒரே அடியில் நடக்கும். பழைய ஃபைலை வேறு ஃபோல்டரில் வைத்திருந்து, புதியதிடமிருந்து 'தயார்' வராவிட்டால் வாட்சரே பழையதைத் திருப்பிப் போடட்டும்.

சி-யில் எழுதுபவர்களுக்கு: ஷேர்டு லைப்ரரியை ஏற்ற 'டிஎல்ஓபன்' கூப்பிடும்போது 'நவ்' கொடியைக் கொடுங்கள். 'லேஸி' என்றால் காணாமல் போன ஃபங்ஷன் கூப்பிடும் நேரத்தில்தான் தெரியவரும். ஏற்றியிருக்கும் ஷேர்டு லைப்ரரி மேலேயே காப்பி செய்தால் ஓடும் புரோகிராம் விழலாம். இங்கேயும் தற்காலிகப் பெயர், பிறகு பெயர் மாற்றம்.

போர்ட் பெயரையும் நம்பாதீர்கள். கரண்ட் போய் வந்தால் 'யுஎஸ்பி 0' என்றிருந்த போர்ட் 'யுஎஸ்பி 1' ஆகிவிடலாம். லினக்ஸில் கருவியின் அடையாளத்தை வைத்து அமையும் 'பை-ஐடி' பாதையைப் பயன்படுத்துங்கள். விலை குறைந்த சிஹெச்340 யுஎஸ்பி-சீரியல் கன்வர்ட்டர்களில் பெரும்பாலும் தனி எண் இருக்காது, ஒரே மாதிரி இரண்டு இருந்தால் செருகிய இடத்தை வைத்து அமையும் 'பை-பாத்' தான் வழி, எந்த ஓட்டையில் எது என்று சுண்ணாம்பிலாவது குறித்துவையுங்கள்.

சோதிக்க மூன்று போலிப் பிளகின் எழுதுங்கள்: ஏற்றும்போதே எக்ஸிட் ஆவது, நிரந்தரமாகத் தூங்குவது, ஹார்ட்பீட் மட்டும் கொடுத்து எடை தராதது. மூன்றுக்கும் திரையில் மூன்று வேறு செய்தி வந்தால் பட்டறைக்கு எடுத்துப் போகலாம். வாட்சரே தொங்கினால்? லினக்ஸில் புரோகிராம்களைத் தொடங்கிப் பார்த்துக்கொள்ளும் சிஸ்டம்டி-யின் 'வாட்ச்டாக்செக்' 30 (நொடி) என்று வைத்து, 15 நொடிக்கு ஒரு முறை வாட்சர் தகவல் சொல்லட்டும். 'ரீஸ்டார்ட்' வரியையும் சேர்க்க மறக்காதீர்கள், இல்லாவிட்டால் சிஸ்டம்டி அதைக் கொல்லும், திரும்பத் தொடங்காது.