விவாதப் போட்டியில் விடுபட்டுப்போகும் காரணம்

வடஆற்காடு வட்டாரத்தில் விவாதப் போட்டிகளுக்கு ஆயத்தமாகும் மாணவர்கள், தங்கள் வாதம் ஒவ்வொன்றிலும் கூற்று, காரணம், சான்று, விளைவு ஆகிய நான்கும் இருக்கின்றனவா என்று எழுதிப் பார்ப்பது நல்லது. 'பாலாற்றங்கரைத் தோல் தொழிற்சாலைகளுக்குக் கட்டுப்பாடு மேலும் கடுமையாக வேண்டும்' என்ற தலைப்பை எடுத்துக்கொள்வோம். ஆறு மாசடைந்தது என்பதற்கு, வேலூர் குடிமக்கள் நல அமைப்பு தொடுத்த வழக்கில் 1996ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றம் வழங்கிய தீர்ப்பைச் சான்றாகக் காட்டலாம். ஆனால் மாசு இருந்தது என்பதிலிருந்து இன்று கட்டுப்பாட்டைக் கூட்ட வேண்டும் என்ற முடிவு தானாக வந்துவிடாது. மாசுபடுத்தியவரே இழப்பீட்டையும் சீரமைப்புச் செலவையும் ஏற்க வேண்டும் என்ற கொள்கையை அத்தீர்ப்பு உறுதிப்படுத்திய பிறகும், இப்போதுள்ள விதிகள் ஏன் போதவில்லை என்று விளக்கும் வாக்கியமே இரண்டையும் இணைக்கும் காரணமாகும். நன்றாகப் பேசுபவர்கள்கூடத் தவறவிடுவதும், எதிரணி முதலில் கை வைப்பதும் இந்த இடத்தில்தான். விளைவைச் சொல்லும்போது ஆம்பூர், வாணியம்பாடி, இராணிப்பேட்டைத் தொழிலாளரின் பிழைப்பையும் அவர்கள் குடிக்கும் நீரையும் சேர்த்தே எடைபோட வேண்டும். எதிரணியின் மிக வலுவான வாதத்தை மறைக்காமல் எடுத்துரைத்து, அதைவிட நம் பக்கம் ஏன் கனமானது என்று காட்டுங்கள். மேற்கோள்களை அடுக்குவதில் செலவாகும் நேரத்தை அந்த ஒப்பீட்டுக்கு ஒதுக்குங்கள்.